பகல் கடிப் பிரிவு

கொசுக் கட்டுப்பாட்டுத் துறையின் கட்டடத்துக்குள் கொசுவை அடிப்பது குற்றம். வாசலிலேயே பெரிய எழுத்தில் எழுதிப் போட்டிருந்தார்கள். காரணமும் கீழேயே இருந்தது: வளாகத்துக்குள் பறக்கும் எந்தக் கொசுவும், வேறு விதமாக நிரூபிக்கப்படும் வரை, துறையின் உடைமை. செருப்புக் கடைக்காரர் அதைப் படித்துக்கொண்டிருக்கும்போதே துறையின் உடைமை ஒன்று அவர் கழுத்தில் வந்து உட்கார்ந்தது. அவர் கையை ஓங்கினார். காவலாளி தொண்டையைக் கனைத்தான். ஓங்கிய கையால் தலையைச் சொறிந்துகொண்டு உள்ளே போனார்.

செருப்புக் கடைக்காரர் என்றால் கடைக்குச் சொந்தக்காரர் என்று நினைத்துவிட வேண்டாம். ஒரு பெரிய கடையில் முக்காலி போட்டு உட்கார்ந்து, வருகிறவர்களின் பாதத்தைத் தாங்கிப் பிடித்துச் செருப்பு மாட்டிவிடுகிற வேலை அவருக்கு. வாழ்நாளில் பாதியை அடுத்தவர் காலடியில் கழித்த மனிதர். அதனால் அரசு அலுவலகங்களில் மற்றவர்களுக்கு வரும் கோபம் அவருக்கு வருவதில்லை. அந்தக் கோபத்தையும் சேர்த்து, இந்தக் கதையைச் சொல்கிற நான்தான் பட வேண்டியிருக்கிறது.

அவர் வந்த காரணம் எளியது. போன மழைக்காலத்தில் காய்ச்சல் வந்து மனைவி இறந்துவிட்டாள். அதே காய்ச்சல் மகளுக்கும் வந்தது. மகள் பிழைத்துக்கொண்டாள், ஆனால் டாக்டர் ஒரு வார்த்தை சொல்லி அனுப்பினார்: "இது ஒரு தடவை வந்தவங்களுக்கு ரெண்டாவது தடவை வந்தா தாங்கறது கஷ்டம். கொசு கடிக்காம பாத்துக்குங்க. அவ்வளவுதான் சொல்ல முடியும்." இப்போது மறுபடி மழை வரப்போகிறது. வீட்டுக்குப் பின்பக்கச் சுவரை ஒட்டி, ஆளில்லாமல் பூட்டிக் கிடக்கிற வீட்டின் முற்றத்தில், மூடியில்லாத ஒரு சிமெண்டுத் தொட்டி இருக்கிறது. முக்காலி மேல் ஏறி நின்று அவரே எட்டிப் பார்த்தார். தண்ணீர் முழுக்கப் புழுக்கள் துள்ளிக்கொண்டிருந்தன. அந்தத் தொட்டியைக் காலி செய்ய வேண்டும். யாரிடம் கேட்டாலும் அது கொசுத் துறையின் வேலை என்றார்கள்.

"என்ன மாதிரி கடி?" என்று கேட்டாள் விசாரணை மேசையில் இருந்த பெண்.

"கொசுக்கடிதாம்மா."

"எல்லாருமே அப்படித்தான் சொல்றீங்க. கடிக்கறப்ப சத்தம் கேட்டுச்சா?"

அவர் யோசித்தார். சில சமயம் கேட்டது, சில சமயம் கேட்கவில்லை என்றார். சத்தம் கேட்காதது மணல் ஈயாக இருக்கலாம் என்று அவரை முதலில் மணல் ஈப் பிரிவுக்கு அனுப்பினாள். மணல் ஈ அதிகாரி அவர் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, இவ்வளவு நாகரிகமாக எங்கள் ஈ கடிக்காது என்று சொல்லிவிட்டார். சாக்கடைக் கொசுப் பிரிவில், தொட்டியில் இருப்பது நல்ல தண்ணீர் என்று கேள்விப்பட்டதும் முகம் சுளித்தார்கள். "எங்க கொசு நல்ல தண்ணியில முட்டை போடாது சார். அதுக்குன்னு ஒரு மரியாதை இருக்கு." இரவுக் கடிப் பிரிவில், கொசு உட்காரும்போது பின்பக்கத்தைத் தூக்கிக்கொண்டு உட்கார்ந்ததா, சமமாக உட்கார்ந்ததா என்று கேட்டார்கள். அவர் சமமாக என்றதும், அது தங்கள் கொசு இல்லை என்று கோப்பையில் மிச்சமிருந்த தேநீரைக் குடித்துவிட்டு விளக்கை அணைத்தார்கள். கண்ணுக்குத் தெரியாத பூச்சிகள் பிரிவு என்று ஒன்று இருந்தது. அங்கே அதிகாரியும் கண்ணுக்குத் தெரியவில்லை.

பிரிவுக்குப் பிரிவு போகிற வழியெல்லாம் நீளமான நடைக்கூடம். அதன் இரண்டு பக்கமும் பெஞ்சுகளில் வயதானவர்கள் உட்கார்ந்திருந்தார்கள். எல்லாருக்கும் வலது கைச் சட்டை முழங்கைக்கு மேல் சுருட்டி விடப்பட்டிருந்தது. யாரும் யாரோடும் பேசவில்லை. உதடு, நகம், காதுமடல் எல்லாம் வெளுத்திருந்தன. எங்கோ ஒரு மணி அடித்தது. அவர்களில் சிலர் எழுந்து வரிசையாகக் கடைசியில் இருந்த பச்சைக் கதவுக்குள் போனார்கள். கொஞ்ச நேரத்தில் சுவரைப் பிடித்துக்கொண்டு திரும்பி வந்து அதே இடத்தில் உட்கார்ந்தார்கள். செருப்புக் கடைக்காரர் முகங்களைப் பார்க்கிற வழக்கம் இல்லாதவர். பாதங்களைப் பார்த்தார். அகலமான, கட்டைவிரல் வெளிப்பக்கம் வளைந்த ஒரு பாதம் அவருக்குத் தெரிந்த பாதம். எத்தனையோ முறை அதற்குச் செருப்பு மாட்டியிருக்கிறார். அந்தச் செருப்பு இப்போது அந்தக் காலில் தொளதொளவென்று தொங்கியது.

"சார், நல்லா இருக்கீங்களா?" என்று கேட்டார்.

அந்த மனிதர் மெதுவாகத் தலையைத் திருப்பினார். "ரிட்டயர் ஆயிட்டேன்," என்றார். அதற்கு மேல் பேசத் தெம்பில்லை என்பது போலக் கண்ணை மூடிக்கொண்டார்.

பகல் கடிப் பிரிவின் அதிகாரி மட்டும் கலகலப்பானவர். முகத்திலும் கையிலும் தடிப்புத் தடிப்பாக இருந்தது, ஆனால் ஒரு தடவை கூடச் சொறிந்துகொள்ளவில்லை. சொறியாமல் இருப்பது பதவி உயர்வுக்கு ஒரு தகுதி என்று பிறகு தெரியவந்தது. தெருப் பெயரைச் சொன்னதும் நாற்காலியை விட்டே எழுந்துவிட்டார்.

"அந்தத் தொட்டியா? அட, அது நம்ம தொட்டி சார்!"

"நம்ம தொட்டின்னா?"

"துறையோட கண்காணிப்புத் தொட்டி. ஊர்ல எவ்வளவு கொசு இருக்குன்னு எங்களுக்கு எப்படித் தெரியும்? அந்தத் தொட்டியை வச்சுத்தான். நானே சின்னப் பையனா வேலைக்குச் சேர்ந்ததுலேர்ந்து அதை எண்ணிட்டு வர்றோம். ஒரு தடவை கூட அறுந்து போகாத கணக்கு. வெயில் காலத்துல தண்ணி வத்திடும். பாவம், நாங்கதான் லாரி வச்சு ஊத்துவோம்."

"ஊத்துவீங்களா?"

"பின்ன? அப்படியே விட்டுட முடியுமா?"

"என் சம்சாரம் அதனாலதான் சார் போயிட்டாங்க," என்றார்.

"தெரியும் சார்." அதிகாரி குரலைத் தாழ்த்திக்கொண்டு அவரைச் சுவர்ப் பக்கம் கூட்டிப்போனார். அங்கே சிவப்பு மையில் ஒரு கோடு, மேலும் கீழுமாக அறை முழுக்க ஓடியது. ஓரிடத்தில் மட்டும் உத்தரம் வரைக்கும் ஏறி இறங்கியிருந்தது. "போன மழைக்காலம். இவ்வளவு உயரம் இதுவரைக்கும் வந்ததே இல்ல. வெளிநாட்டுலேர்ந்தெல்லாம் வந்து பாத்துட்டுப் போனாங்க. இந்த உச்சி இருக்கு பாருங்க, இதுல உங்க வீட்டம்மாவும் இருக்காங்க. நீங்க பெருமைப்படணும்."

செருப்புக் கடைக்காரர் அந்த உச்சியைப் பார்த்துக்கொண்டு நின்றார். தொட்டுப் பார்க்க வேண்டும்போல இருந்தது. தொடவில்லை.

"சார், எனக்கு இருக்கறது ஒரே பொண்ணு. இன்னொரு தடவை வந்தா அவ தாங்க மாட்டா. தொட்டியைக் காலி பண்ணிடுங்க சார்."

அதிகாரி மறுத்தார் என்று சொல்ல முடியாது. துறையில் யாரும் எதையும் மறுப்பதில்லை. கோரிக்கை நியாயமானது என்றார். மகளைக் கடிக்கப் போகிற கொசு அந்தத் தொட்டியைச் சேர்ந்ததுதான் என்று காட்டிவிட்டால் போதும் என்றார். இழுப்பறையிலிருந்து ஒரு கண்ணாடிக் குழாயை எடுத்தார். அதன் ஒரு முனையில் ரப்பர் குழாய் மாட்டியிருந்தது.

"சாயங்காலம் சுவரோரமா உட்காருங்க. பேண்ட்டை முழங்கால் வரைக்கும் மடிச்சு விட்டுக்குங்க. கொசு வந்து கால்ல உட்காரும். கடிச்சதும் குழாயை மேல வச்சு இந்தப் பக்கம் வாயால உறிஞ்சுங்க. குழாய்க்குள்ள வந்துடும். வாய்க்குள்ள போகாது, நடுவுல வலை இருக்கு. உயிரோட கொண்டு வாங்க."

"கடிக்கறதுக்கு முன்னாடியே பிடிச்சிடலாமே சார்?"

"கடிக்காத கொசு எங்க அதிகார வரம்புக்குள்ள வராது."

அன்று சாயங்காலம் அவர் பின்கட்டில் காலை நீட்டி உட்கார்ந்தார். மகள் அறைக்குள், கட்டிலின் வலைக்குள் இருந்தபடியே ஜன்னல் வழியாகக் கத்தினாள். அச்சகத்தில் வேலை பார்க்கிற பெண், இயந்திரச் சத்தத்துக்கு மேலே பேசிப் பழகியவள். காய்ச்சலுக்குப் பிறகு உடம்பு இளைத்ததே தவிர, குரல் இளைக்கவில்லை.

"என்னப்பா பண்றீங்க?"

"கொசு பிடிக்கறேன்மா."

"எல்லாரும் விரட்டுவாங்க. நீங்க விருந்து வைக்கிறீங்க."

"அவங்க கேட்டாங்கம்மா."

"அப்பா, ஒரு சுத்தியல் இருந்தா போதும். சுவரேறிக் குதிச்சு அடியில ரெண்டு போடு போட்டா தண்ணி தானா போயிடும். நான் போடட்டுமா?"

"ஐயோ, வேண்டாம்மா. அது அரசாங்கத் தொட்டி. நாளைக்கு ஒண்ணு கிடக்க ஒண்ணு ஆயிட்டா?"

"இதுக்கு மேல என்ன ஆகணும்?" என்றாள் மகள். கணுக்காலில் சுருக்கென்றது. குனிந்து உறிஞ்சினார். காலில் வெள்ளைப் பட்டை போட்ட கறுப்புக் கொசு ஒன்று, வயிறு சிவக்க, குழாய்க்குள் சுற்றி வந்தது.

மறுநாள் அதைப் பார்வையிட்டவள் பூதக்கண்ணாடி அம்மா. துறையில் எல்லாரும் அவளை அப்படித்தான் கூப்பிட்டார்கள். எந்தக் கொசு எந்த வகை, எந்த வம்சம் என்று பார்த்துச் சொல்வது அவள் வேலை. சின்ன உருவம், தணிந்த குரல். நீண்ட நேரம் குனிந்து பார்த்தாள். நிமிர்ந்தபோது அவள் கண் கலங்கியிருந்தது. அந்தக் கட்டடத்தில் அவர் பார்த்த முதல் மனித முகம் அது.

"இது அவங்க வம்சம்தான்," என்றாள்.

"யாரோட வம்சம்மா?"

"உங்க வீட்டுக்காரம்மா ஆஸ்பத்திரியில இருந்தப்ப எங்க ஆளுங்க ரெண்டு பேரு உங்க வீட்டுக்கு வந்திருந்தாங்களே, ஞாபகம் இருக்கா?"

இருந்தது. டார்ச் விளக்கோடு வந்து சுவரெல்லாம் தேடினார்கள். உதவி செய்ய வந்தவர்கள் என்று நினைத்து அவர் தண்ணீர் கொடுத்து, கும்பிட்டு அனுப்பிவைத்தார். மருந்தும் அடிக்கவில்லை, ஒன்றும் செய்யவில்லை. போகும்போது ஒருவன் கையில் மூடிய குழாய் இருந்தது.

"அவங்க படுத்திருந்த கட்டிலுக்கு மேல, சுவர்ல ஒண்ணு உட்காந்திருந்துச்சு. நல்லா குடிச்சிருந்துச்சு. அதைத்தான் எடுத்துட்டு வந்தாங்க. ரத்தம் குடிச்சாத்தான் முட்டை போட முடியும் சார், தெரியும்ல? அது இங்க வந்து முட்டை போட்டுச்சு. உங்க வீட்டுக்காரம்மா ரத்தத்துல உண்டான முட்டை. அப்புறம் அதோட பிள்ளைங்க, பேரப்பிள்ளைங்க. ரொம்ப வீரியமான வம்சம். கொஞ்சத்தைத் தொட்டியில விட்டோம், மிச்சத்தை இங்க வளர்க்கறோம். நாங்க இதை 'அம்மா வரிசை'ன்னு சொல்லுவோம்." அவள் தயங்கினாள். "பாக்கறீங்களா?"

பச்சைக் கதவுக்குப் பின்னால் இருந்தது ஊட்டும் அறை. ஜன்னல் இல்லை. ஈரமான, உடம்புச் சூடு போன்ற ஒரு சூடு. வலையடித்த கூண்டுகள் வரிசையாக இருந்தன. ஒவ்வொன்றிலும் கை நுழைய ஒரு துணிக்குழாய். வெளுத்த மனிதர்கள் சிலர் கையை உள்ளே விட்டுவிட்டுச் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தார்கள். ஓய்வு பெற்றாலும் கை ஓய்வு பெறாது, அந்தந்த வம்சம் அந்தந்தக் கைக்குப் பழகிவிடும் என்று அவள் சொன்னாள். கடைசிக் கூண்டுக்கு முன்னால் நாற்காலி காலியாக இருந்தது.

அவர் கூண்டுக்குப் பக்கத்தில் போனார். உள்ளேயிருந்து ஒரு ரீங்காரம் வந்தது. ஏறிப்போய், ஓரிடத்தில் தயங்கி, மறுபடி இறங்குகிற ரீங்காரம். அவர் மனைவி துணி மடிக்கும்போது வாயைத் திறக்காமல் எதையோ முனகுவாள். என்ன பாட்டு என்று கேட்டால் அவளுக்கே தெரியாது. கல்யாணம் ஆன நாளிலிருந்து கேட்ட சத்தம். அவள் போன பிறகு வீட்டில் எதைத் தொட்டாலும் அந்தச் சத்தம் இல்லாதது மட்டும்தான் அவருக்குக் கேட்டுக்கொண்டிருந்தது. அது இங்கே இருந்தது, இந்த வலைக்குள்.

"கையை வைக்கிறீங்களா?" என்றாள் பூதக்கண்ணாடி அம்மா. "குடும்பத்து ஆளுங்க வச்சா நல்லா குடிக்குதுங்க."

அவர் சட்டையைச் சுருட்டிக்கொண்டு உட்கார்ந்தார். மணி அடிக்கும் வரை எழுந்திருக்கவில்லை. வலித்தது, ஆனால் அழுகை வந்தது வலியினால் இல்லை.

அதற்குப் பிறகு அவர் தினமும் போனார். தொட்டியைப் பற்றிக் கேட்பதில்லை. கடையில் வாடிக்கையாளரின் பாதத்தைப் பிடித்தால், "என்னய்யா, கை இப்படி சில்லுன்னு இருக்கு?" என்று காலை இழுத்துக்கொண்டார்கள். முதலாளி இரண்டு முறை கூப்பிட்டுக் கண்டித்தார். வீட்டில் மகள் கொஞ்ச நாள் பொறுத்துப் பார்த்தாள்.

"கையைக் காட்டுங்க."

அவர் சட்டையை இறக்கிவிட்டுக்கொண்டார்.

"தொட்டி என்னாச்சுப்பா?"

"அது பாட்டுக்கு இருந்துட்டுப் போகட்டுமேம்மா. நீதான் வலைக்குள்ள இருக்கியே."

"ஆயுசுக்கும் வலைக்குள்ளயே இருக்கணுமா?"

அவர் எல்லாவற்றையும் சொன்னார். சுவரில் இருந்த கொசு, முட்டை, கூண்டு. "அதுக்குள்ள உங்கம்மா பாடறாம்மா. நான் என் காதால கேட்டேன். துணி மடிக்கறப்ப பாடுவாளே, அதே பாட்டு. தொட்டியில இருக்கறதும் அதே வம்சம்தான். அதை எப்படிம்மா நான் காலி பண்ணச் சொல்றது?"

மகள் அழுவாள் என்று நினைத்தார். அவள் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அம்மாவுக்குச் சுருதியே சேராதுப்பா," என்றாள் கடைசியில். "எத்தனை தடவை காதைப் பொத்தியிருக்கோம், மறந்துட்டீங்களா? நீங்க கேக்கறது நல்லா சுருதி சேர்ந்து பாடுதுன்னா, அது கொசு."

அவருக்குக் கோபம் வந்தது. மகளிடம் அவர் கோபப்பட்டதே இல்லை. எழுந்து போய்விட்டார்.

மறுநாள் அவர் துறையிலிருந்து திரும்பியபோது தெருமுனை வரைக்கும் தண்ணீர் ஓடியிருந்தது. ஓடிப்போய்ச் சுவரின் மேல் ஏறிப் பார்த்தார். மகள் தொட்டிக்குள் நின்றுகொண்டிருந்தாள். அவருடைய பழைய பேண்ட், முழுக்கைச் சட்டை, அச்சகத்துக் கையுறை, கண் மட்டும் தெரியும்படி தலையைச் சுற்றித் துணி. அடியிலிருந்த அடைப்பைப் பிடுங்கி எறிந்துவிட்டு, கம்பித் தூரிகையால் உட்சுவரைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். முட்டைகள் சுவரில்தான் ஒட்டிக்கொண்டிருக்கும், தண்ணீர் போனாலும் சாகாது என்று யாரிடமோ கேட்டுத் தெரிந்து வைத்திருந்தாள்.

அவர் அவளைப் பார்த்துச் சந்தோஷப்பட்டிருக்க வேண்டும். அதற்காகத்தானே அத்தனை படி ஏறி இறங்கினார். ஆனால் தெருவுக்கு இறங்கி, மண்டிபோட்டு, ஓடுகிற தண்ணீரை இரண்டு கையாலும் அள்ளத் தொடங்கினார். உள்ளங்கையில் நாலைந்து புழுக்கள் துள்ளின. அவற்றை எங்கே விடுவது என்று தெரியாமல் நின்றார். வெளியே வந்த மகள் அந்தக் கையைப் பார்த்தாள், வீட்டுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். அவருக்கு அவமானமாக இருந்தது. ஆனாலும் கையை உதற மனம் வரவில்லை.

துறை மறுநாள் காலையிலேயே வந்துவிட்டது. அவர் மனைவி இறந்தபோது அந்தத் துறையிலிருந்து ஒரு ஈ காக்கை கூட வரவில்லை. இப்போது எல்லாப் பிரிவும் வந்தது. மணல் ஈக்காரர் வந்தார், சாக்கடைக்காரர்கள் வந்தார்கள், வெளுத்த மனிதர்களை ஒரு வேனில் ஏற்றி வந்து இறக்கினார்கள். பூட்டிக் கிடந்த வீட்டைத் திறக்கத் துறையிடம் சாவி இருந்தது. முற்றத்தில் நாற்காலிகள் போட்டார்கள். காலித் தொட்டிக்கு மலர்வளையம் வைத்தார்கள். கறுப்புப் பட்டை அணிந்த பகல் கடி அதிகாரி தேம்பிக்கொண்டே, "கோடு அறுந்து போச்சு சார், கோடு அறுந்து போச்சு," என்று வருகிறவர்களிடமெல்லாம் சொன்னார். கடைசியாக இயக்குநர் வந்து ஒலிபெருக்கியைப் பிடித்தார்.

"நான் இந்தத் துறைக்கு வந்தப்ப இந்த ஊர்ல வெறும் கொசு மட்டும்தான் இருந்தது," என்று ஆரம்பித்தார். "இன்னைக்கு ஒரு துறை இருக்கு. ஏழு மாடி இருக்கு. நம்ம வாகனங்கள் இருக்கு. இதெல்லாம் யார் குடுத்தது? நன்றி கெட்டவனா நான் இருக்க மாட்டேன். கொசுவே இல்லாத ஒரு நாளை நினைச்சுப் பாருங்க. எத்தனை குடும்பம் நடுத்தெருவுல நிக்கும்? நம்ம குடும்பங்களைச் சொல்றேன். காய்ச்சல்ல சில பேரு போறாங்க, உண்மைதான். அவங்க வருவாங்க, போவாங்க. துறை நிலைச்சு நிக்கணும். நேத்து இங்க நடந்தது ஒரு படுகொலை. யார் செஞ்சாங்கன்னு நான் கேக்கப் போறதில்ல. ஏன்னா அதை விசாரிக்கற பிரிவை இன்னும் நாம ஆரம்பிக்கல. ஆனா இன்னைக்கே, இங்கேயே, விட்ட இடத்துலேர்ந்து தொடங்கறோம்!"

தண்ணீர் லாரி பின்பக்கமாக வந்து நின்றது. தொட்டி நிரம்பியது. ஊட்டும் அறையிலிருந்து கடைசிக் கூண்டைப் பூதக்கண்ணாடி அம்மா இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு வந்து செருப்புக் கடைக்காரரிடம் கொடுத்தாள். மறைந்தவரின் கணவர் கையாலேயே திறந்துவிட வேண்டும் என்பது இயக்குநரின் விருப்பம். அதற்கு முன்னால் மௌன அஞ்சலி.

துறையின் மௌன அஞ்சலிக்குக் கடுமையான விதி உண்டு. இயக்குநர் தலை நிமிர்த்தும் வரை ஊழியர் யாரும் அசையக் கூடாது, வாய் திறக்கக் கூடாது. நிறுவனர் நாளில் ஒருவர் தும்மிவிட்டார் என்று கண்ணுக்குத் தெரியாத பூச்சிகள் பிரிவுக்கு மாற்றினார்கள். அதன் பிறகு அவரை யாரும் பார்க்கவில்லை. இயக்குநர் கண்களை மூடித் தலையைக் குனிந்தார். முற்றம் முழுக்கத் தலைகள் குனிந்தன.

அந்த அமைதியில் கூண்டு பாடியது. அவர் அதைத் தொட்டியின் விளிம்பில் வைத்துக்கொண்டு கேட்டார். நன்றாக இருந்தது. பிசிறே இல்லாமல், ஏறுகிற இடத்தில் ஏறி, இறங்குகிற இடத்தில் இறங்கியது. கேட்கக் கேட்க, அது ரொம்ப நன்றாக இருப்பதுதான் அவரை உறுத்தியது. அவர் மனைவிக்குச் சுருதி சேர்ந்ததே இல்லை. சுவருக்கு அந்தப் பக்கம் ஜன்னலில் மகள் நின்றாள். வலையை விட்டு வெளியே வந்து, வெறும் கையோடு, கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அப்பா எந்தப் பக்கம் என்று தெரிந்துகொள்ள நிற்பவள் போல நின்றாள்.

அவர் கூண்டின் கதவைத் திறக்கவில்லை. கூண்டை அப்படியே தண்ணீருக்குள் இறக்கினார்.

அது மிதக்கப் பார்த்தது. இரண்டு கையையும் முழங்கைக்கு மேல் நனைய உள்ளே விட்டு அழுத்தினார். ரீங்காரம் ஒரு கணம் உயர்ந்து, பிறகு குமிழ் குமிழாக மேலே வந்தது. குனிந்த தலையோடு கடைக்கண்ணால் பார்த்த பகல் கடி அதிகாரியின் முகம் வியர்த்து வழிந்தது. மூக்கு விடைத்தது. ஆனால் அவர் அசையவில்லை, அவருடைய பதவி உயர்வு அடுத்த மாதம். மணல் ஈக்காரர் அசையவில்லை. வெளுத்த மனிதர்களில் அகலப் பாதக்காரர் மட்டும், குனிந்தபடியே, சுருட்டியிருந்த சட்டைக் கையை மெல்ல இறக்கிவிட்டுக்கொண்டார். பூதக்கண்ணாடி அம்மாவின் கன்னத்தில் கண்ணீர் ஓடியது, துடைக்க விதி இடம் தரவில்லை. அமைதி இத்தனை ஆழமாக இருப்பதைக் கண்டு மகிழ்ந்த இயக்குநர், இன்னும் கொஞ்ச நேரம் நீட்டினார்.

ஆஸ்பத்திரியில் மனைவியைத் தள்ளுவண்டியில் உள்ளே கொண்டு போனபோது, அவள் அவர் விரலைப் பிடித்திருந்தாள். என்ன சொல்வது என்று தெரியாமல், வீட்டை விட்டுக் கிளம்புகிற யாரிடமும் சொல்வது போல, "போயிட்டு வந்துடு," என்று சொல்லி அனுப்பினார். அவர் பேச்சை அவள் தட்டியதே இல்லை.

குமிழ்கள் நின்றன. செருப்புக் கடைக்காரர் துறையின் ஊழியர் இல்லை, அவருக்குப் பேசத் தடையில்லை. தண்ணீருக்கு அருகே முகத்தைக் கொண்டுபோனார்.

"போம்மா," என்றார். "திரும்பி வராதே."